லாரியில் துப்பாக்கி வைத்துக்கொள்ளலாமா? அமெரிக்க நெடுஞ்சாலைக்குப் புதிதாக வரும் டிரைவர்களுக்கு ஒரு வழிகாட்டி

சி.டி.எல். எனப்படும் வணிக வாகன ஓட்டுநர் உரிமம் கைக்கு வந்து, பயிற்சியாளர் இறங்கிக்கொண்ட பிறகு, பெரிய லாரியைத் தனியாக ஓட்டத் தொடங்கும் முதல் சில வாரங்களுக்குள் புதிய டிரைவர்கள் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: "அண்ணா, வண்டியில் துப்பாக்கி வைத்துக்கொள்ளலாமா?" முன்பின் தெரியாத ஊரில், டிரக் ஸ்டாப்பில் இடம் கிடைக்காமல், ஏதோ ஒரு கிடங்குத் தெருவின் ஓரத்தில் வண்டியை நிறுத்தித் திரையை இழுத்துவிட்டுப் படுத்தவர்களுக்கு இந்தக் கேள்வி எங்கிருந்து வருகிறது என்று விளக்க வேண்டியதில்லை. 2009 மார்ச்சில் ஜேசன் ரிவன்பர்க் என்ற நியூயார்க் மாநில டிரைவர் பால் லோடுடன் தென் கரோலினாவுக்கு வந்தார். இறக்குமிடத்துக்குக் குறித்த நேரத்துக்கு முன்பே வந்துவிட்டதால், மூடிக்கிடந்த ஒரு பெட்ரோல் நிலையத்தில் வண்டியை நிறுத்தி ஓய்வெடுத்தார். அங்கே அவரைச் சுட்டுக் கொன்றவனுக்குக் கிடைத்தது 7 டாலர்.

அவருடைய குடும்பம் விடாமல் போராடியதன் விளைவாக 2012இல் 'ஜேசன் சட்டம்' வந்தது. லாரி நிறுத்துமிடங்களைப் பெருக்கக் கூட்டரசின் (மத்திய அரசின்) நெடுஞ்சாலை நிதியைப் பயன்படுத்த அது வழிசெய்ததே தவிர, டிரைவர் துப்பாக்கி வைத்துக்கொள்வதைப் பற்றி ஒரு வரியும் சொல்லவில்லை. கூட்டரசின் லாரிப் போக்குவரத்து விதிகளில் டிரைவர் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாது என்று எழுதப்படவில்லை. அப்படி ஒரு தடை இருப்பதாக டிரக் ஸ்டாப்புகளில் பேசிக்கொள்வது தவறான செய்தி. அதே வேளையில், லாரி டிரைவர் என்பதற்காக யாருக்கும் தனிச் சலுகையும் இல்லை. மற்ற எந்தக் குடிமகனுக்கும் உள்ள சட்டங்களே, மாநிலத்துக்கு மாநிலம் மாறிக்கொண்டே, உங்களுக்கும் பொருந்துகின்றன.

ஆனால் மற்றவர்களுக்கு இல்லாத ஒரு சிக்கல் நமக்கு உண்டு. சொந்தக் காரில் போகிறவர் எந்த மாநிலத்தின் வழியாகப் போவது, எங்கே தங்குவது என்பதைத் தாமே முடிவுசெய்கிறார். நம்முடைய பாதையை முடிவுசெய்பவர், அலுவலகத்திலிருந்து லோடுகளைப் பிரித்துக் கொடுக்கும் டிஸ்பாட்சர். அதுவும் பாதி வழியில் மாறக்கூடும். ஆகவே இந்தக் கட்டுரையில் எந்தப் படிக்குப் போனாலும் அடிப்படைக் கேள்வி ஒன்றுதான்: இந்த லோடு எந்தெந்த மாநிலங்களைக் கடக்கிறது, எங்கே இறங்குகிறது? நான் வழக்கறிஞர் அல்லன். இங்கே சொல்லியிருப்பவற்றைத் தொடக்கமாகக் கொண்டு, நீங்கள் ஓட்டப்போகும் மாநிலங்களின் காவல்துறை அல்லது தலைமை வழக்கறிஞர் அலுவலகம் வெளியிட்டிருக்கும் விதிகளை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொள்ளுங்கள். இந்தச் சட்டங்கள் ஆண்டுதோறும் மாறுகின்றன.

முதல் படி: துப்பாக்கியைத் தொடும் தகுதி உங்களுக்கு இருக்கிறதா?

புதிதாக அமெரிக்கா வந்தவர்கள் இந்தப் படியைத் தாண்டிக் குதித்துவிடுகிறார்கள். என் அனுபவத்தில் மிகப் பெரிய ஆபத்தும் இங்கேதான் இருக்கிறது. கூட்டரசுச் சட்டத்தின் 922(ஜி) பிரிவு சில வகையினர் துப்பாக்கியோ தோட்டாவோ வைத்திருப்பதையே குற்றமாக்குகிறது. ஓராண்டுக்கு மேல் சிறைத்தண்டனை விதிக்கத்தக்க குற்றத்தில் தண்டிக்கப்பட்டவர், குடும்ப வன்முறைக் குற்றத்தில் தண்டிக்கப்பட்டவர், நீதிமன்றத்தின் குடும்பப் பாதுகாப்பு உத்தரவுக்கு உட்பட்டிருப்பவர், சட்டவிரோதப் போதைப்பொருள் பயன்படுத்துபவர் ஆகியோர் அந்தப் பட்டியலில் இருக்கிறார்கள். கஞ்சா பல மாநிலங்களில் கடையிலேயே கிடைத்தாலும், கூட்டரசுச் சட்டத்தின் கண்ணில் அது இன்னும் சட்டவிரோதப் போதைப்பொருள்தான், சி.டி.எல். வைத்திருப்பவருக்கு அது வேலையையும் பறிக்கும் என்பது வேறு விஷயம்.

அதே பட்டியலில் குடியேற்ற நிலையும் வருகிறது. தற்காலிக விசாவில் அனுமதிக்கப்பட்டவர்கள், அதாவது மாணவர் விசா, வேலை விசா, அவர்களைச் சார்ந்து வந்த குடும்பத்தினர் போன்றோர், வேட்டை உரிமம் பெற்றிருப்பது போன்ற சில குறுகிய விலக்குகள் இல்லாவிட்டால் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாது. க்ரீன் கார்டு பெற்றவர் வைத்திருக்கலாம். அகதி விண்ணப்பம் நிலுவையில் இருக்க, வேலை அனுமதி அட்டையை வைத்துக்கொண்டு லாரி ஓட்டும் ஈழத் தமிழ் இளைஞர்களுக்கு இதை அழுத்திச் சொல்ல விரும்புகிறேன்: வேலை செய்ய அனுமதி இருப்பதும் துப்பாக்கி வைத்திருக்கத் தகுதி இருப்பதும் ஒன்றல்ல. குடியேற்ற வழக்கறிஞர் உங்கள் கோப்பைப் பார்த்து எழுத்தில் சொல்லும்வரை நண்பருடைய துப்பாக்கியைக்கூடக் கையில் வாங்காதீர்கள். இந்தப் பிரிவை மீறினால் 15 ஆண்டுகள் வரை சிறை உண்டு. அதைவிட, துப்பாக்கிக் குற்றத்தில் தண்டிக்கப்படுவது, க்ரீன் கார்டு வைத்திருப்பவரையும் நாடுகடத்துவதற்குத் தனிக் காரணமாகக் குடியேற்றச் சட்டத்தில் இடம்பெற்றிருக்கிறது. அமெரிக்கக் குடிமகனுக்கு ஒரு வழக்காக மட்டும் முடிவது நமக்கு ஊரைவிட்டே அனுப்பப்படுவதில் முடியலாம்.

இரண்டாம் படி: வண்டி யாருடையது?

கம்பெனி லாரி என்றால், வேலைக்குச் சேரும்போது கையெழுத்திட்ட கைப்புத்தகத்தை எடுத்து ஆயுதம் பற்றிய பக்கத்தைப் படியுங்கள். பெரிய நிறுவனங்களில் பெரும்பாலானவை வண்டியில் துப்பாக்கி கூடாது என்று தெளிவாக எழுதியிருக்கின்றன. அதை மீறுவது சட்டப்படி குற்றமாகாமல் இருக்கலாம்; ஆனால் வேலை போகும், போன காரணம் அடுத்த நிறுவனம் பார்க்கும் வேலை வரலாற்று அறிக்கையிலும் ஏறும். ஊழியர் தம் வாகனத்தில் துப்பாக்கி வைத்திருப்பதை நிறுவனம் தடுக்க முடியாது என்று புளோரிடா போன்ற சில மாநிலங்களில் சட்டம் இருப்பதைச் சிலர் எடுத்துக்காட்டுவார்கள். அந்தச் சட்டங்கள் நிறுத்துமிடத்தில் நிற்கும் ஊழியரின் சொந்தக் காரைக் காக்கின்றன. நிறுவனத்துக்குச் சொந்தமான லாரியை அல்ல.

சொந்த லாரியைத் தாமே ஓட்டும் ஓனர்-ஆபரேட்டர்களுக்குச் சற்று விடுதலை உண்டு. என்றாலும், வேறொரு நிறுவனத்தின் போக்குவரத்து அனுமதியின் கீழ் வண்டியை ஒப்பந்தத்தில் விட்டிருந்தால், அந்த ஒப்பந்தத்திலும் அதே தடை இருக்கலாம். என் வண்டியை முதன்முதலாக ஒரு நிறுவனத்தோடு இணைத்தபோது பதினான்கு பக்க ஒப்பந்தத்தை எரிபொருள் கட்டணப் பக்கம் வரை மட்டும் படித்துவிட்டுக் கையெழுத்திட்டேன். ஆயுதத் தடை அதற்கு அடுத்த பக்கத்தில் இருந்தது என்பது எனக்கு எட்டு மாதங்கள் கழித்துத்தான் தெரிந்தது. முழுவதையும் படித்துவிடுங்கள்.

வாங்குவது பற்றி ஒரு சிறு குறிப்பு. கைத்துப்பாக்கியை நீங்கள் வசிக்கும் மாநிலத்தில்தான் கையில் வாங்க முடியும். டெக்சாஸில் இறக்கிவிட்டுத் திரும்பும்போது வழியிலுள்ள கடையில் மலிவாக இருக்கிறதே என்று, ஓஹாயோவில் வசிப்பவர் ஒருவர் கைத்துப்பாக்கியை வாங்கிக்கொண்டு வர முடியாது. கடைக்காரர் அதை ஓஹாயோவில் உள்ள உரிமம் பெற்ற வியாபாரிக்கு அனுப்ப, அங்கேதான் பெற வேண்டும். டிரைவர்களுக்குள் கைமாற்றிக்கொள்வதும் கூடாது: வேறு மாநிலத்தில் வசிப்பவருக்குத் துப்பாக்கியை நேரடியாக விற்பதும் கொடுப்பதும் கூட்டரசுக் குற்றம்.

மூன்றாம் படி: உரிமமும் அதன் எல்லையும்

ஓட்டுநர் உரிமத்தை எல்லா மாநிலங்களும் ஏற்கின்றன. துப்பாக்கி ஏந்தும் உரிமத்தை அப்படி ஏற்பதில்லை. எந்த மாநிலம் எந்த மாநிலத்தின் உரிமத்தை ஏற்கிறது என்பது அவரவர் சட்டத்தைப் பொறுத்தது. பாதிக்கும் மேற்பட்ட மாநிலங்கள் இன்று உரிமமே இல்லாமல் கைத்துப்பாக்கியை மறைத்து வைத்துக்கொள்ளத் தகுதியுள்ளவர்களை அனுமதிக்கின்றன. டெக்சாஸ் 2021இலும், புளோரிடா 2023இலும் அந்த வரிசையில் சேர்ந்தன. மறுபக்கம், நியூ ஜெர்சி, நியூயார்க், கலிபோர்னியா ஆகியவை வெளிமாநில உரிமம் எதையும் ஏற்பதில்லை. 2022இல் உச்ச நீதிமன்றம் நியூயார்க் வழக்கில், வெளியே துப்பாக்கி ஏந்துவது அரசியல் சட்டம் காக்கும் உரிமை என்று தீர்ப்பளித்த பிறகு எல்லாம் மாறிவிட்டது என்று நினைக்கிறவர்கள் இருக்கிறார்கள். அந்தத் தீர்ப்பு உரிமம் வழங்க மறுப்பதற்கான ஒரு வகைக் காரணத்தை நீக்கியது; உரிமம் வேண்டும் என்ற தேவையை நீக்கவில்லை.

உரிமம் தேவையில்லாத மாநிலத்திலும் உரிமம் எடுத்துக்கொள்ளுங்கள் என்று நான் சொல்வதற்கு இரண்டு காரணங்கள் உண்டு. வெளிமாநிலங்கள் ஏற்பது அட்டையைத்தான். "எங்கள் ஊரில் அட்டை தேவையில்லை" என்ற விளக்கம் அங்கே செல்லாது. இரண்டாவது காரணம் பள்ளிக்கூடங்கள். பள்ளி வளாகத்திலிருந்து 1,000 அடிக்குள் துப்பாக்கி வைத்திருப்பதைக் கூட்டரசுச் சட்டம் தடைசெய்கிறது. பொதுச்சாலையும் அந்த 1,000 அடிக்குள் அடங்கும். அந்தப் பள்ளி இருக்கும் மாநிலமே கொடுத்த உரிமம் இருக்க வேண்டும், அல்லது துப்பாக்கி தோட்டா இல்லாமல் பூட்டிய பெட்டிக்குள் இருக்க வேண்டும். ஊருக்குள் இருக்கும் ஒரு கடைக்குச் சரக்கு இறக்கப் போகும் லாரி, வழியில் எத்தனை பள்ளிகளைக் கடக்கிறது என்று ஒருமுறை வரைபடத்தில் பார்த்தால், வெளிமாநிலத்தில் தோட்டா நிரப்பிய துப்பாக்கியோடு ஊருக்குள் நுழைவது எவ்வளவு மெல்லிய கயிற்றில் நடப்பது என்பது புரியும்.

துப்பாக்கி மட்டுமல்ல, அதோடு வரும் பொருள்களும் பார்க்கப்படும். பத்துக்கு மேல் தோட்டா கொள்ளும் மேகசின் (துப்பாக்கியில் செருகும் தோட்டாக் கூடு) நியூ ஜெர்சியிலும் நியூயார்க்கிலும் தடைசெய்யப்பட்டது. கலிபோர்னியாவிலும் பத்துதான் வரம்பு. குழிமுனைத் தோட்டாக்களுக்கும் நியூ ஜெர்சியில் தனிக் கட்டுப்பாடு உண்டு. மற்ற மாநிலங்களில் தற்காப்புக்கென்று கடைக்காரரே எடுத்துக்கொடுக்கும் தோட்டா அதுதான்.

நான்காம் படி: லோடு வந்ததும் பாதையைப் படியுங்கள்

1986இல் நிறைவேறிய துப்பாக்கி உரிமையாளர் பாதுகாப்புச் சட்டத்தின் 926ஏ பிரிவைத்தான் டிரைவர்கள் 'பாதுகாப்பான கடப்பு' என்று சொல்கிறார்கள். அதன் சாரம் இது: துப்பாக்கியைச் சட்டப்படி வைத்திருக்கவும் ஏந்தவும் கூடிய ஓரிடத்திலிருந்து, அதேபோல வைத்திருக்கவும் ஏந்தவும் கூடிய இன்னோர் இடத்துக்கு அதைக் கொண்டுபோகும்போது, இடையிலுள்ள மாநிலங்களின் சட்டம் தடுத்தாலும் கூட்டரசுச் சட்டம் காக்கும். துப்பாக்கியில் தோட்டா இருக்கக் கூடாது. துப்பாக்கியும் தோட்டாவும் பயணிகள் பகுதியிலிருந்து கைக்கு எட்டக் கூடாது. ஓட்டுநர் பகுதியிலிருந்து பிரிந்த அறை இல்லாத வாகனத்தில், முன்பலகையிலுள்ள கையுறைப் பெட்டியும் இருக்கைகளுக்கு நடுவிலுள்ள பெட்டியும் அல்லாத வேறொரு பூட்டிய பெட்டிக்குள் அவை இருக்க வேண்டும். லாரியில் ஸ்லீப்பர் என்னும் படுக்கைப் பகுதி, இருக்கைக்குப் பின்னால் திரை மட்டுமே பிரிக்கும் அதே அறை. ஆகவே நமக்குப் பூட்டிய பெட்டி தவிர வேறு வழியில்லை.

இந்தப் பிரிவு லாரி டிரைவருக்கு எங்கே கைகொடுக்கும், எங்கே கைவிடும் என்பதை இரண்டு லோடுகளைக் கொண்டு காட்டுகிறேன். இரண்டும் பென்சில்வேனியாவின் கார்லைல் நகரில் ஏற்றப்படுகின்றன. கிடங்குகள் நிறைந்த அந்த ஊரில் நம்மில் பலருக்கு வாரம் ஒருமுறையாவது வேலை இருக்கும். டிரைவரிடம் பென்சில்வேனியா உரிமம் இருக்கிறது.

முதல் லோடு நியூ ஹாம்ப்ஷயரின் மான்செஸ்டருக்குப் போகிறது. ஐ-81 நெடுஞ்சாலையில் ஸ்க்ரான்டன் வரை போய், ஐ-84இல் திரும்பி, நியூயார்க், கனெடிகட், மாசச்சூசெட்ஸ் ஆகிய மூன்று மாநிலங்களைக் கடந்தால் நியூ ஹாம்ப்ஷயர். நடுவிலுள்ள மூன்றும் கடுமையான சட்டங்கள் உள்ளவை. ஆனால் ஏற்றுமிடத்தில் உரிமம் உண்டு. இறக்குமிடத்தில் 2017 முதல் உரிமமே தேவையில்லை. தோட்டா நீக்கிப் பூட்டிவைத்து, நடுவில் தங்காமல் கடந்துபோனால், 926ஏ எழுதப்பட்டது இதுபோன்ற பயணத்துக்குத்தான். 400 மைலுக்குச் சற்று மேற்பட்ட அந்தத் தூரம் ஒரு நாளின் 11 மணி நேர ஓட்டத்துக்குள் அடங்கும் என்பதும் நமக்கு உதவுகிறது.

இரண்டாவது லோடு நியூ ஜெர்சியின் எலிசபெத் துறைமுகப் பகுதிக்குப் போகிறது. ஐ-78இல் முதல் லோடின் பாதித் தூரம்கூட இல்லை. டெலவேர் ஆற்றுப் பாலத்தைத் தாண்டினால் நியூ ஜெர்சி. இங்கே 926ஏ உங்களைக் காக்காது. நீங்கள் நியூ ஜெர்சியைக் கடந்துபோகவில்லை; நியூ ஜெர்சிக்கே போகிறீர்கள். லோடு இறங்குமிடம்தான் உங்கள் பயணத்தின் முடிவு. அங்கே துப்பாக்கி ஏந்த உங்களுக்கு உரிமை இல்லை என்றால் பாதுகாப்பான கடப்பு என்பதே இல்லை. துப்பாக்கி எவ்வளவு நேர்த்தியாகப் பூட்டப்பட்டிருந்தாலும் இந்தக் கணக்கு மாறாது. அந்த மாநிலத்தில் உரிமமின்றிக் கைத்துப்பாக்கி வைத்திருப்பது இரண்டாம் நிலைக் குற்றம்: தண்டனை 5 முதல் 10 ஆண்டுகள், அதில் குறைந்தது 42 மாதங்கள் பரோல் இல்லாமல் கழிய வேண்டும் என்பது பொதுவிதி. 2013இல் பிலடெல்பியாவைச் சேர்ந்த ஒரு தாய், பென்சில்வேனியா உரிமம் இங்கும் செல்லும் என்று நம்பி, சாலையில் நிறுத்திய நியூ ஜெர்சிக் காவலரிடம் தம்மிடம் துப்பாக்கி இருப்பதைத் தாமே சொன்னார், கைதானார். 2015இல் ஆளுநர் கிறிஸ் கிறிஸ்டி மன்னிப்பு வழங்கிய பிறகே அவருடைய துன்பம் முடிந்தது. குற்றம் செய்யும் எண்ணம் துளியும் இல்லாதவருக்கு நேர்ந்தது இது.

இனி தங்குவதைப் பற்றி. 926ஏ கடந்துபோவதைத்தான் காக்கிறது. 2005இல் யூட்டாவைச் சேர்ந்த ஒருவர் விமானத்தைத் தவறவிட்டு நியூவர்க்கில் ஓர் இரவு ஓட்டலில் தங்க நேர்ந்தது. பூட்டிய துப்பாக்கி இருந்த பெட்டியும் அவரோடு அறைக்குப் போனது. மறுநாள் விமான நிலையத்தில் விதிப்படி அதை அறிவித்தபோது கைதுசெய்யப்பட்டார். பிறகு வழக்குக் கைவிடப்பட்டது. ஆனால் அவர் தொடுத்த நட்டஈட்டு வழக்கில், அந்த இரவு துப்பாக்கி அவர் கைக்கு எட்டும் நிலையில் இருந்ததால் 926ஏ அவருக்குப் பொருந்தாது என்று 2010இல் கூட்டரசு மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இதை நம் வேலையோடு சேர்த்துப் பாருங்கள். 11 மணி நேர ஓட்டம் முடிந்தால் 10 மணி நேரம் ஓய்வெடுக்க வேண்டும் என்பது சட்டம்; வண்டியிலுள்ள மின்னணுப் பதிவுக்கருவி ஒரு நிமிடமும் விட்டுக்கொடுக்காது. அந்த ஓய்வு நேரம் நியூயார்க்கிலோ நியூ ஜெர்சியிலோ வந்து விழுந்தால், பெட்டிக்கு ஒரு முழம் தள்ளி நீங்கள் உறங்குகிறீர்கள். அதைக் கடந்துபோவதாக நீதிபதி ஏற்பார் என்று எண்ணி யாரும் படுக்கக் கூடாது. ஓய்வு எந்த மாநிலத்தில் விழும் என்பதைப் புறப்படும் முன்பே கணக்கிடுங்கள். கடுமையான மாநிலத்துக்குள் நுழையும் முன்பே 10 மணி நேரத்தை முடித்துக்கொண்டு, புதிதாகத் தொடங்கும் 11 மணி நேரக் கணக்கோடு உள்ளே போங்கள். இன்னொன்று: சில மாநிலங்களில் 926ஏ என்பது கைதான பிறகு நீதிமன்றத்தில் எடுத்துவைக்கும் வாதமாகத்தான் பயன்படுகிறது. சாலையோரத்தில் காவலரைத் தடுக்கும் கேடயம் அன்று அது.

கலிபோர்னியாவின் நிலை வேறு. வெளிமாநில உரிமத்தை அது ஏற்காவிட்டாலும், தோட்டா நீக்கிய கைத்துப்பாக்கியைப் பூட்டிய பெட்டிக்குள் வைத்து வாகனத்தில் கொண்டுபோவதை அந்த மாநிலச் சட்டமே அனுமதிக்கிறது. இல்லினாயில், சொந்த மாநிலத்தில் ஏந்தும் தகுதியும் உரிமமும் உள்ள வெளிமாநிலத்தவர் வாகனத்துக்குள் இருக்கும்வரை துப்பாக்கி வைத்துக்கொள்ளலாம். வண்டியை விட்டு இறங்கிப் போகும்போது அதைப் பூட்டிய வண்டிக்குள் வைத்துவிட்டுப் போக வேண்டும். கடுமையான மாநிலம் என்று ஒரே பெயரில் எல்லாவற்றையும் அடக்கிவிடாமல் ஒவ்வொன்றையும் தனியாகப் படிக்க வேண்டியதன் காரணம் இதுதான்.

ஐந்தாம் படி: பெட்டிக்குள் வைக்கும் முறை

நான் பார்த்தவரை ஒழுங்காகச் செய்யும் ஒரு மூத்த டிரைவரின் முறையைச் சொல்கிறேன். எல்லை வருவதற்கு ஐம்பது மைல் முன்பே டிரக் ஸ்டாப்பில் நிறுத்தி, திரையை மூடி, மேகசினைக் கழற்றி, குழலறையில் தோட்டா இல்லை என்பதைக் கண்ணால் ஒருமுறையும் விரலால் ஒருமுறையும் பார்ப்பார். மேகசினிலிருந்து தோட்டாக்களை ஒவ்வொன்றாக வெளியே தள்ளி அவை வந்த அட்டைப்பெட்டியில் அடுக்குவார். துப்பாக்கி ஒரு எஃகுப் பெட்டியிலும், தோட்டா இன்னொரு பூட்டிய பெட்டியிலும் போகும். இரண்டையும் தடித்த கம்பிக் கயிற்றால் படுக்கைக்கு அடியிலுள்ள சட்டத்தோடு பிணைத்து, மேலே குளிர்காலச் சங்கிலிகளும் துணிப்பையும் வைப்பார். சாவி வண்டிச் சாவிக் கொத்தில் இருக்காது. துப்பாக்கியின் வரிசை எண், உரிமத்தின் நகல், வழக்கறிஞரின் தொலைபேசி எண் மூன்றும் ஒரு தாளில் எழுதி, ஓட்டுநர் ஆவணப் பையில் இருக்கும்.

வண்டிக்கு வெளியேயுள்ள பக்கவாட்டுக் கருவிப்பெட்டியில் வைத்தால் அது தனி அறை ஆகிவிடுமே என்று சிலர் கேட்பார்கள். கேபினிலிருந்து கைக்கு எட்டாது என்பது உண்மை. ஆனால் ஒரு நெம்புகோலுக்குத் திறந்துவிடும் பெட்டி அது. திருடுபோன துப்பாக்கியை வாங்கியவராகக் கடை ஆவணத்தில் இருப்பது உங்கள் பெயர்தான். டிரெய்லருக்குள் வைப்பதை நினைக்கவே வேண்டாம்: முத்திரையிட்ட சரக்கு உங்களுடையதல்ல, இறக்குமிடத்தில் கதவைத் திறப்பவரும் நீங்களாக இருக்க மாட்டீர்கள்.

காவலர் நிறுத்தினால்

சாதாரணக் கார் ஓட்டுநரைவிட லாரி டிரைவர் பல மடங்கு அதிகமாகச் சோதனைக்கு ஆளாகிறார். எடை நிலையத்தில் முழுச் சோதனைக்கு ஒதுக்கப்பட்டால் அதிகாரி கேபினையும் ஸ்லீப்பரையும் பார்க்கக்கூடும். மிச்சிகன், வட கரோலினா, அலாஸ்கா போன்ற மாநிலங்களில் துப்பாக்கி ஏந்தியிருப்பவர் காவலர் கேட்பதற்கு முன்பே அதைத் தெரிவிக்க வேண்டும். வேறு சில மாநிலங்களில் கேட்டால் சொன்னால் போதும். எங்கே இருந்தாலும் இரண்டு கைகளும் ஸ்டியரிங்கின் மேல் இருக்கட்டும். ஆவணம் எடுக்கும் முன் எங்கிருந்து எடுக்கிறீர்கள் என்று சொல்லுங்கள். பொய் சொல்லாதீர்கள். கைது என்று வந்துவிட்டால், விளக்கிச் சரிசெய்துவிடலாம் என்று பேசிக்கொண்டே போகாமல், வழக்கறிஞர் வரும்வரை பேச விரும்பவில்லை என்று பணிவாகச் சொல்லி நிறுத்துங்கள். ஆங்கிலம் தடுமாறும் நம்மவர்கள் நல்லெண்ணத்தில் சொல்லும் அரைகுறை வாக்கியங்கள் பிறகு சாட்சியமாக நிற்கும்.

கொண்டுபோகவே கூடாத இடங்கள்

அஞ்சல் நிலைய வளாகத்தில், வாகன நிறுத்துமிடம் உட்பட, துப்பாக்கி கூடாது என்பது அஞ்சல் துறை விதி. தபால் லோடு எடுக்கும் டிரைவர்கள் இதை நினைவில் கொள்ளுங்கள். ராணுவ முகாம்களுக்குச் சரக்கு கொண்டுபோகிறவர்கள் வாயிலில் சோதிக்கப்படுவார்கள். முன் அனுமதியின்றி உள்ளே துப்பாக்கி போனால் அது கூட்டரசு வழக்கு. தனியார் கிடங்குகளும் ஆலைகளும் வாயிலில் தடைப்பலகை வைத்திருக்கும். டெக்சாஸ் போன்ற மாநிலங்களில் சட்டம் சொல்லும் வடிவில் வைக்கப்பட்ட பலகையை மீறி நுழைவதே குற்றம். ஐ-40 போன்ற சாலைகளுக்கு அருகிலுள்ள பழங்குடி நிலங்களில் அவர்களுக்கென்று தனிச் சட்டம் உண்டு.

எல்லைகள்

கனடாவுக்குள் கைத்துப்பாக்கியோடு போக வழியே இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். டிட்ராய்ட்டின் ஆம்பாசடர் பாலத்திலும் பஃபலோவின் பீஸ் பாலத்திலும், மறந்துபோய் வண்டியில் விட்டுவிட்டேன் என்று சொன்ன அமெரிக்க டிரைவர்கள் கைதாகியிருக்கிறார்கள். மனிதர்கள்மீது அடிப்பதற்கான மிளகுத் தெளிப்பானும் கனடாவில் தடைசெய்யப்பட்ட ஆயுதம். தவறிப் பாலத்துக்குள் நுழைந்துவிட்டால், கேள்வி வரும்வரை காத்திருக்காமல், முதல் அதிகாரியிடமே, தவறுதலாக வந்துவிட்டேன், வண்டியில் இது இருக்கிறது என்று சொல்லிவிடுங்கள். மறைத்தது கண்டுபிடிக்கப்படுவதைவிட அது எவ்வளவோ மேல். பிராம்ப்டனிலிருந்தும் ஸ்கார்பரோவிலிருந்தும் அமெரிக்காவுக்கு லோடு கொண்டுவரும் நம் டிரைவர்களுக்கு விடை எளிது: கனடாவில் லாரி டிரைவர் தற்காப்புக்காகத் துப்பாக்கி ஏந்த அனுமதி கிடைப்பதில்லை, அமெரிக்காவுக்குள் தற்காலிகமாகக் கொண்டுவரும் அனுமதியும் வேட்டை, போட்டி போன்ற நோக்கங்களுக்குத்தான்.

மெக்சிகோ இன்னும் கடுமையானது. தோட்டா மட்டும் இருந்தாலே போதும். 2012 ஏப்ரலில் டெக்சாஸைச் சேர்ந்த இளம் டிரைவர் ஒருவர், பீனிக்ஸுக்குப் போக வேண்டிய 2,68,000 தோட்டாக்கள் கொண்ட முறையான லோடோடு எல் பாசோவில் வழிதவறிப் பாலத்தைக் கடந்து சியுதாத் ஹுவாரேஸுக்குள் போய்விட்டார். அவர் வீடு திரும்ப ஏழு மாதங்கள் ஆயின. எல்லை நகரத்தில் துப்பாக்கியோடு ஓட்டும்போது வழிகாட்டும் செயலியை மட்டும் நம்பாமல், பாலத்துக்கு முந்தைய கடைசி வெளியேறும் வழியின் எண்ணைத் தாளில் எழுதி முன்னால் ஒட்டிவையுங்கள்.

கொண்டுபோக வேண்டாம் என்று முடிவுசெய்தால்

வடகிழக்கு மாநிலங்களுக்கு அடிக்கடி லோடு வரும் கம்பெனி டிரைவர் யாருக்கும், முதல் ஆண்டில் துப்பாக்கி வேண்டாம் என்பதே நான் கொடுக்கும் ஆலோசனை. அதற்காகக் கையைக் கட்டிக்கொண்டு உறங்க வேண்டியதில்லை. மாலை ஐந்து மணிக்கு மேல் டிரக் ஸ்டாப்பில் இடம் கிடைக்காது என்பதால், கட்டணம் கட்டியாவது முன்பதிவு செய்துவிடுங்கள். ஓட்டமும் மற்ற வேலைகளும் சேர்ந்த வேலை நாளுக்குச் சட்டப்படி 14 மணி நேரம் இருந்தாலும் பத்தாவது மணியிலேயே நிறுத்தத் திட்டமிடுங்கள். ஏற்றிய இடத்திலிருந்து முதல் இருநூறு மைல்களுக்குள் நிற்காமல் போனால், பின்தொடர்ந்து வரும் சரக்குத் திருடர்களிடமிருந்து பெரும்பாலும் தப்பலாம். வண்டியில் என்ன இருக்கிறது என்று கேட்பவருக்கு "காகிதம்" என்று சொல்லுங்கள். நிறுத்தும்போது டிரெய்லரின் கதவை ஒரு சுவரையோ இன்னொரு டிரெய்லரையோ ஒட்டி நிறுத்துங்கள்.

உறங்கும் முன், ஒரு பட்டையை இரண்டு பக்கக் கதவுகளின் உள்கைப்பிடிகளிலும் கோத்து நடுவில் இறுக்கிவிடுங்கள். வெளியிலிருந்து பூட்டை உடைத்தாலும் கதவு ஒரு விரலளவுக்கு மேல் திறக்காது. யாராவது கதவைத் தட்டினால் திறக்காமல் விளக்கைப் போட்டு, ஹாரனை விடாமல் அழுத்துங்கள். நிறுத்துமிடம் முழுவதும் விழித்துக்கொள்ளும். 911க்கு அழைக்கும்போது நீங்கள் எந்தச் சாலையில், எந்த மைல்கல்லருகே இருக்கிறீர்கள் என்று சொல்லத் தெரிய வேண்டும். ஆகவே ஒவ்வொரு இரவும் நிறுத்தியவுடன் அந்த எண்ணைப் படுக்கைக்கு மேலேயுள்ள பலகையில் எழுதிவைத்துவிட்டுப் படுங்கள்.